உப்பரசன் கோட்டையின் பக்கக் கதவு

அனுப்புநர்:
மெத்தைக் கிடங்குத் தீ வழக்கில் காவலில் இருக்கும் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுநரின் அக்கா,
சலவைப் பிரிவு,
பொது மருத்துவமனை.

பெறுநர்:
உயர்திரு காவல் கண்காணிப்பாளர் அவர்கள்,
மாவட்டக் காவல் அலுவலகம்.

பொருள்: இணையவழி மேசை விளையாட்டுத் தளத்தில் என் தம்பி நீக்கிய ‘உப்பரசன் கோட்டை’ என்னும் பழைய ஆட்டத் தொடரை, இம்மாதம் இருபத்தேழாம் தேதி தளத்தார் அடியோடு அழித்துவிடும் முன் மீட்டெடுக்க ஆணையிட வேண்டுதல் – தொடர்பாக.

பார்வை: (1) ஆய்வாளர் அவர்களிடம் நேரில் கொடுத்து, வாங்கிக்கொள்ளப்படாத என் முந்தைய மனு. (2) விளையாட்டுத் தளத்தார் எனக்கு அனுப்பிய பதில் மெயில்.

பெருமதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். தங்கள் அறைக்கு வெளியே போட்டிருக்கும் பெஞ்சில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். உள்ளே மேசைமேல் கோப்புகள் குவிந்து கிடப்பது கதவு திறக்கும்போதெல்லாம் தெரிகிறது. இருந்தும் இந்த மனுவைக் கடைசி வரி வரை படிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். சுருக்கமாக எழுதிக்கொண்டு வரச் சொல்லித்தான் ஆய்வாளர் ஐயா என் முந்தைய மனுவைத் திருப்பிக் கொடுத்தார். இந்த விஷயத்தைச் சுருக்கினால் என் தம்பி கொலைகாரனாகத்தான் தெரிகிறான். ஆகவே நீட்டுகிறேன், பொறுத்தருள வேண்டும்.

1. சென்ற மாதம் மெத்தைக் கிடங்கில் பற்றிய தீயில் அங்கே இரவுக் காவலில் இருந்தவர் உயிரிழந்ததும், அதே கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிவந்த என் தம்பி அந்தத் தீயை வைத்ததாகக் கைதாகியிருப்பதும் தாங்கள் அறிந்ததே. அவன்மீது காட்டப்படும் ஆதாரங்கள் மூன்று. எங்கே தீ வைப்பது, காவலாளி எங்கே தூங்குவான், எந்தக் கதவு பூட்டியிருக்கும் என்றெல்லாம் பேனாவால் குறித்த கிடங்கின் வரைபடம் முதலாவது. அந்தத் திட்டத்தைப் பற்றிச் சிலர் பேசிக்கொண்டதாக, என் தம்பி முன்பே அச்சடித்து வைத்திருந்த இரண்டு தாள்கள் இரண்டாவது. மீதிப் பேச்சு முழுவதையும் தீக்குப் பிறகு என் தம்பி தன் கையாலேயே அழித்துவிட்டான் என்பது மூன்றாவது. மூன்றும் இருப்பவைதான், ஐயா. எதையும் மறுக்க நான் வரவில்லை. அவை என்னவென்று சொல்ல வந்திருக்கிறேன்.

2. வரைபடமும் தாள்களும் ஒரு விளையாட்டைச் சேர்ந்தவை. ஒருவர் கதை சொல்வார். மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரமாகி, நான் இதைச் செய்கிறேன், நான் அதைச் செய்கிறேன் என்பார்கள். நடக்குமா நடக்காதா என்பதைப் பகடை தீர்மானிக்கும். ஒரே மேசைக்கு வர முடியாதவர்களுக்காக இதை இணையத்தில் ஒரு தளம் நடத்துகிறது. அவரவர் இருக்கும் இடத்திலிருந்து போனில் எழுதி விளையாடலாம். பகடையைத் தளமே உருட்டும். மாதக்கணக்கில் நீளும் ஒரு கதையைக் ‘கேம்பெய்ன்’ என்பார்கள், நாங்கள் தொடர் என்போம். தொடரைத் தொடங்கியவரே அதற்குச் சொந்தக்காரர். யார் என்ன எழுதினார், என்றைக்கு எழுதினார் என்பதெல்லாம் தேதியோடு அதில் பதிந்திருக்கும். பெரியவர்கள் விளையாடுகிற விளையாட்டா இது என்று ஆய்வாளர் ஐயா சிரித்தார். சீட்டு விளையாடினோம் என்றிருந்தால் சிரித்திருக்க மாட்டார் என்றே நினைக்கிறேன்.

3. எங்கள் தொடரில் நான்கு பேர். கதை சொன்னது என் தம்பி. தொடரும் அவன் கணக்கில்தான் இருந்தது. கிடங்கின் பில் கிளார்க் மந்திரவாதியாக இருந்தார். மூன்றாமவர், ஐயா, இறந்துபோன காவலாளியேதான். அவரை நாங்கள் அண்ணன் என்று அழைப்போம். ஆட்டத்தில் அவர் ‘பூனை’ என்ற திருடன். “வாரம் பூரா திருடனப் பிடிக்க உக்காந்திருக்கேன், ஞாயித்துக்கெழம ஒருநாளாவது நான் திருடனா இருந்துக்கறேனே” என்று கேட்டு வாங்கிக்கொண்ட பாத்திரம் அது. நான்காவது ஆள் நான். ஆட்டத்தில் என் பெயர் ‘கரடி’. கோடரி வைத்திருப்பேன், கதவுகளை உடைப்பேன். அச்சடித்த தாள்களில் உள்ள கரடி என் தம்பிதான் என்று அவனுடைய உடம்பைப் பார்த்து முடிவு செய்திருப்பதாக அறிகிறேன். அவன் எடை நூறு கிலோ என்பது உண்மை. நான் நாற்பத்தைந்து கிலோ. ஒல்லியாக இருப்பவளுக்குத்தானே கரடியாக ஆசை வரும்?

4. ஆகவே அந்தத் தாள்களில் “காவலாளி தூங்கினதும் பின்பக்கமா தீ வைப்போம், எல்லாரும் அங்க ஓடுவாங்க, நாம முன்னால நுழைஞ்சிடலாம்” என்று எழுதியவள் இந்த மனுதாரராகிய நானே. தீ வைக்கச் சொன்ன குற்றத்திற்கு யாரையாவது பிடித்தாக வேண்டுமென்றால் நான் வெளியே பெஞ்சில்தான் இருக்கிறேன். ஆனால் நாங்கள் எரிக்கத் திட்டமிட்டது எதை என்று முதல் தாளின் கடைசியில் இருப்பதையும் படிக்க வேண்டும். ஊர் உப்பையெல்லாம் பதுக்கி வைத்திருக்கும் ஓர் அரசனின் கோட்டை அது. “உப்பு எரியுமாப்பா?” என்று பூனை கேட்டிருக்கிறார். யாருக்கும் பதில் தெரியவில்லை. உப்பை எரிக்கக் கிளம்பியவர்களைச் சதிகாரர் என்பது சதிகாரர்களுக்குத்தான் இழுக்கு. உண்மையான தீ, பின்பக்கத்தில் பற்றவில்லை என்பதையும் தெரிவிக்கிறேன். முன்பக்கத்தில், ஷட்டரை ஒட்டி, வண்டிகளுக்கு சார்ஜ் போடும் மூலையில் பற்றியது என்று தீயணைப்புத் துறையின் அறிக்கையே சொல்கிறது. அந்த மூலையில் வயர் பொறி தட்டுகிறது என்று என் தம்பி பலமுறை வாய்மொழியாகச் சொல்லியிருக்கிறான். வாய்ச்சொல்லுக்கு ஏது அத்தாட்சி?

5. வரைபடத்துக்கு வருகிறேன். என் தம்பிக்கு நேராக ஒரு கோடு போட வராது. கோட்டைக்குப் படம் வேண்டும் என்றதும், தீப்பிடித்தால் எந்த வழியாக ஓட வேண்டும் என்று காட்டக் கிடங்கில் ஒட்டியிருந்த வரைபடத்தையே நகலெடுத்து, இதுதான் கோட்டை என்று சொல்லிவிட்டான். சோம்பேறித்தனம்தான், ஐயா. அதற்கு இவ்வளவு பெரிய தண்டனை இருக்கும் என்று அவனுக்குத் தெரியாது. எங்களுக்கும் அது வசதியாக இருந்தது. மெத்தை அடுக்கு எது, எடை மேடை எது என்று அங்கே வேலை செய்தவர்களுக்குக் கண்ணை மூடினாலும் தெரியும். எனக்கு அவர்கள் சொல்லிச் சொல்லியே பழகிவிட்டது. ‘காவலாளி தூங்கும் இடம்’ என்ற குறிப்பு என் தம்பியின் கையெழுத்து அல்ல. இறந்தவரின் கையெழுத்து. “எந்தக் காவலாளி எங்க தூங்குவான்னு எனக்கா தெரியாது?” என்று சிரித்துக்கொண்டே அவர் குறித்தது. பக்கக் கதவின்மேல் ‘பூட்டு’ என்று எழுதியதும் அவரே. அவர் தினமும் கையெழுத்திட்ட வருகைப் பதிவேடு தங்கள் வசம் உள்ளது. ஒப்பிட்டுப் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

6. அந்தப் பக்கக் கதவைப் பற்றித்தான் இந்த மனு முழுவதும். முன்பக்கம் எரியும்போது உள்ளே இருப்பவர் வெளியேற இருந்த ஒரே வழி அதுதான். அவர் உடல் அந்தக் கதவுக்கு உட்புறம் கிடந்தது. கதவில் வெளியிலிருந்து பூட்டு தொங்கியது. அந்தக் கதவு எப்போதும் திறந்தே இருக்கும், அன்று மட்டும் யாரோ பூட்டியிருக்கிறார்கள் என்று மேலாளர் வாக்குமூலம் கொடுத்திருக்கிறார். அந்த யாரோ என் தம்பி என்றும், காவலாளி தப்பிக்கக் கூடாது என்றே பூட்டினான் என்றும், வரைபடத்திலேயே ‘பூட்டு’ என்று திட்டம் போட்டிருக்கிறான் என்றும் வழக்கு போகிறது. தீ வைத்ததாகச் சொல்வதைவிட இதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அண்ணனுக்குப் பல்வலி என்றால் தன் அரை நாள் வேலையை விட்டுவிட்டுக் கூட்டிக்கொண்டு போனவன் அவன்.

7. அந்தக் கதவு எப்போதுமே வெளியில்தான் பூட்டியிருக்கும். மெத்தை உறைகள் திருட்டுப் போகின்றன என்று மேலாளர் போட்ட பூட்டு அது, சாவி அவரிடம். இதை இன்று நான் சொன்னால் தம்பிக்காகச் சொல்கிறாள் என்பார்கள். கிடங்கில் வேலை செய்கிற யாரும் சொல்ல முன்வரவில்லை. கிளார்க்கை வேறு ஊர்க் கிளைக்கு மாற்றிவிட்டார்கள்; அவர் என் போனை எடுப்பதில்லை. அவரையும் குறை சொல்லத் தோன்றவில்லை, பிள்ளைகுட்டிக்காரர். ஆனால் சொன்னவர் ஒருவர் இருக்கிறார். தீக்கு ஏழு மாதத்துக்கு முன்பு, தேதியோடு, தன் விரலால் எழுதிச் சொல்லியிருக்கிறார். கோட்டையின் பக்கக் கதவை எப்படி வைக்கட்டும் என்று கதை சொல்லும்போது என் தம்பி கேட்டான். அதற்குப் பூனை எழுதிய பதில், என் நினைவில் உள்ளபடி: “நெசத்துல இருக்கற மாதிரியே வை. மேனேஜர் வெளிய பூட்டுப் போட்டு சாவியப் பையில போட்டுக்கிட்டுப் போற கதவு அது. ஆட்டத்துல மட்டும் தொறந்துக்குமா?” நாங்கள் சிரித்தோம். சிரிப்புப் படங்கள்கூட அனுப்பினோம். அதுவும் அந்தத் தொடரில் இருக்கும்.

8. அடுத்து நடந்த ஆட்டமே கடைசி ஆட்டம். பூனை கூரை வழியாகக் கோட்டைக்குள் இறங்கி, பக்கக் கதவை உட்புறமிருந்து திறந்துவிட வேண்டும். நாங்கள் வெளியே காத்திருக்க வேண்டும். அவர் இறங்கிவிட்டார். வெளியில் பூட்டியிருக்கும் என்று அவரே சொல்லி வைத்த கதவு, அதை அவரே மறந்துவிட்டார். பகடையும் கைவிட்டது. அண்ணனுக்கு ஞாயிறும் வேலைநாள்தான் என்பதால், ஆளில்லாத அந்தக் கிடங்குக்குள் தன் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டுதான் அவர் விளையாடுவார். அங்கிருந்து அவர் எழுதியது இது: “பக்கக் கதவு வெளிய பூட்டிக் கெடக்கு. நான் உள்ள மாட்டிக்கிட்டேன். யாராவது வந்து தொறங்கப்பா.” அடுத்த முறை கரடியுடையது. வரும் ஞாயிறு வந்து உடைத்துக்கொள்ளலாம் என்று, பதில் எழுதாமலே நான் துணி காயப்போடப் போனேன். அந்த வாரம் கம்பெனி, இனி ஞாயிறும் வேலை என்று அறிவித்தது. ஆட்டம் அப்படியே நின்றுபோனது.

9. விளையாடாமல் கிடக்கும் பழைய தொடர்களைத் தளம் சும்மா விடுவதில்லை. ஞாயிறுதோறும் எல்லோருக்கும் நினைவூட்டல் வரும். கடைசியாகப் பேசியது யாரோ அவர் பெயரில் வரும். அவர் எழுதிய கடைசி வரியையும் போட்டு அனுப்புவார்கள். நாங்கள் படிக்காமலே தள்ளிவிடுவோம். இந்தத் தொல்லையை நிறுத்தச் சொந்தக்காரருக்கு இரண்டு வழி உண்டு. ‘ஒதுக்கி வை’ என்பது ஒன்று. தொடர் கண்ணுக்குத் தெரியாமல் போகும். ‘நீக்கு’ என்பது மற்றொன்று, தொடரே போய்விடும். எத்தனையோ முறை சொல்லியும் என் தம்பி இரண்டையும் செய்யவில்லை. என்றைக்காவது ஞாயிறு லீவு திரும்பி வரும், பூனையை வெளியே எடுத்துவிடலாம் என்பான்.

10. தீப்பற்றிய மறுநாள் காலை, சலவைப் பிரிவுக்கு வந்த மூட்டையில் கரி படிந்த விரிப்பு ஒன்று இருந்தது. யாருடையது என்று தெரியாமல் தனியாக ஊறவைத்தேன். மதியம்தான் தெரிந்தது. அதற்குமேல் அதைப் பற்றி எழுத இயலவில்லை.

11. அடக்கம் முடிந்த ஞாயிறு, என் தம்பி சாப்பிட உட்கார்ந்தான். இரண்டு நாளாகப் பட்டினி கிடந்தவனை நான்தான் அதட்டி உட்கார வைத்தேன். அவன் போனும் என் போனும் ஒரே நேரத்தில் ஒலித்தன. வந்தது இதுதான்: “உங்கள் தோழர் பூனை காத்திருக்கிறார். ஆட்டம் கரடியின் முறையில் நிற்கிறது. பூனை கடைசியாகச் சொன்னது: பக்கக் கதவு வெளிய பூட்டிக் கெடக்கு. நான் உள்ள மாட்டிக்கிட்டேன். யாராவது வந்து தொறங்கப்பா.” தளத்தின் கணினிக்கு யார் செத்தார்கள், எங்கே செத்தார்கள் என்று தெரியாது. தெரிந்த நாங்கள் இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அவன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனான். அன்றே தொடரை ஒதுக்கி வைத்தான். ஒதுக்கி வைத்தால் நினைவூட்டல் நிற்கும் என்று நினைத்தான். நிற்கவில்லை, ஒதுக்கி வைத்த தொடர்களுக்கும் அது வரும் என்று பிறகுதான் தெரிந்தது. அடுத்த ஞாயிறும் அதே வரி வந்தது. அவன் ‘நீக்கு’ என்பதை அழுத்தினான். உறுதியாகத்தானா என்று அது கேட்டது. அதையும் அழுத்தினான். பக்கத்தில் நின்று பார்த்தவள் நான்.

12. மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தினான் என்பார்களே, அதுதான் நடந்தது. இந்த வழக்கில் அப்படி ஒரு பழமொழியை நான் எழுதியிருக்கக் கூடாது. எழுதிவிட்டேன், அடித்தால் எதையோ மறைத்ததாக ஆகும் என்பதால் அப்படியே விடுகிறேன். தன் பெயரைக் காப்பாற்றக்கூடிய ஒரே சாட்சியத்தை, அது கூப்பிடுவதைக் கேட்க முடியாமல் அவனே அழித்தான். அந்த வாரமே அவனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். ஏன் அழித்தாய் என்று கேட்டதற்கு அவன் வாயே திறக்கவில்லை என்றும், அதுவே குற்றத்தை ஒப்புக்கொண்டது போலத்தான் என்றும் ஆய்வாளர் ஐயா சொன்னார். செத்தவர் ஞாயிற்றுக்கிழமைதோறும் கதவைத் திறக்கச் சொல்கிறார் என்று காவல் நிலையத்தில் நின்று எப்படிச் சொல்வான்? சொல்லியிருந்தால்தான் எழுதியிருப்பார்களா?

13. நீக்கிய தொடரைத் தளத்தார் உடனே அழிப்பதில்லை. தளத்தின் குப்பைத்தொட்டியில் சில வாரங்கள் வைத்திருந்து பிறகே அழிக்கிறார்கள். அந்தக் கெடு இம்மாதம் இருபத்தேழாம் தேதி முடிகிறது. அதைத் திரும்ப எடுத்துத் தருமாறு நான் எழுதிக் கேட்டதற்கு மரியாதையாகத்தான் பதில் வந்தது: நீக்கியவர் தன் கணக்கிலிருந்து மீட்கலாம், அல்லது விசாரணை நடத்தும் அதிகாரி எழுதிக் கேட்டால் தருவோம், மற்றவர்களுக்கு இயலாது. கணக்கைத் திறக்க என் தம்பியின் போனுக்கு வரும் ரகசிய எண் வேண்டும். அந்தப் போன் தங்கள் காவல் நிலையத்தில் சீல் வைத்த உறைக்குள் இருக்கிறது. தம்பி சிறையில் இருக்கிறான். சீலை உடைக்க நீதிமன்றம் சொல்ல வேண்டும் என்கிறார் ஆய்வாளர். விசாரணை அதிகாரி கேட்டால்தானே சொல்வோம் என்கிறார்கள் அங்கே. விசாரணை அதிகாரியோ ஆய்வாளர்தான். நான் சுற்றிச்சுற்றித் தொடங்கிய வாசலுக்கே வந்துவிட்டேன்.

14. மறைக்காமல் ஒன்று சொல்லிவிடுகிறேன். தொடர் கிடைத்தால் அதில் எங்களுக்குப் பாதகமானதும் இருக்கும். உப்பரசனுக்கு நாங்கள் மேலாளரின் நடையைக் கொடுத்திருந்தோம், இருமலைக் கொடுத்திருந்தோம், வேட்டியைத் தூக்கிக் கட்டுகிற பாணியைக்கூட விடவில்லை. அவரைப் பற்றிப் பலமுறை கேலி பேசியிருக்கிறோம். அவரை உப்புக்குள் புதைக்க வேண்டும் என்று நான் ஒருமுறை எழுதியிருக்கிறேன். படித்தால் அவருக்கு வருத்தமாக இருக்கும். எங்களுக்கு விரோதம் இருந்ததற்கு இதையே காரணமாகக் காட்டலாம். காட்டட்டும். முழுவதையும் படித்துவிட்டுக் காட்டட்டும் என்பதே என் வேண்டுகோள். இரண்டு தாளை மட்டும் பிய்த்துக்கொண்டால் யாரை வேண்டுமானாலும் கொலைகாரனாக்கலாம்.

15. கடைசியாக, இறந்தவரின் மனைவியைப் பற்றி. என் தம்பி கைதான பிறகு நான் அவர் வீட்டுக்கு மூன்று முறை போனேன். முதல் முறை கதவையே திறக்கவில்லை. இரண்டாம் முறை திறந்து, தெருவே பார்க்கும்படி என்னைப் பேசினார். நான் எதிர்த்துப் பேசவில்லை. அந்த வீட்டில் சோறு தின்றவன் என் தம்பி, அந்த அம்மாளுக்குப் பேச உரிமை உண்டு. ஊர் வாயைத்தான் உலைமூடி போட்டு மூட முடியாது. இது ஊர் அல்ல, அண்ணி. மூன்றாம் முறை நான் எதுவும் சொல்லாமல், என் போனில் இருந்த அந்த நினைவூட்டலைத் திறந்து அவர் கையில் கொடுத்தேன். அண்ணி நின்றபடியே படித்தார். திரும்பவும் படித்தார். என்னைத் திட்டுவார், அல்லது மயங்கி விழுவார் என்று பயந்தேன். “இது எப்ப எழுதினது?” என்று மட்டும் கேட்டார். ஏழு மாசத்துக்கு முன்னாடி அண்ணி என்றேன். அவர் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார். “அப்ப, அப்பவே பூட்டித்தான் இருந்துச்சா?” என்றார். நான் ஆமாம் என்றேன். ஐயா, விசாரணை தொடங்கிய நாளிலிருந்து இந்தக் கேள்வியைக் கேட்ட முதல் ஆள் அவர்தான்.

16. நினைவூட்டல் ஒன்றே போதுமே, அதையே சாட்சியமாகக் கொடு என்று தாங்கள் நினைக்கலாம். கொடுத்துப் பார்த்தேன். விளையாட்டில் வருகிற கதவுக்கும் கிடங்குக் கதவுக்கும் என்ன சம்பந்தம் என்று ஆய்வாளர் கேட்டார். நியாயமான கேள்வி. அந்தச் சம்பந்தத்தை இறந்தவரே எழுதிய பதில்தான் ஏழாவது பத்தியில் நான் சொன்னது. அது நினைவூட்டலில் இல்லை, தொடருக்குள் இருக்கிறது. இருபத்தேழாம் தேதிக்குப் பிறகு அது எங்கேயும் இருக்காது. அதற்குப் பிறகு அந்தக் கதவு எப்போதும் திறந்தே இருந்ததாக ஆகிவிடும். மேலாளர் நல்லவராக ஆகிவிடுவார். பூட்டியவன் என் தம்பி என்றாகிவிடும். இன்று அந்தக் கிடங்கின் வேறொரு கிளையில், இதே போல வெளியில் பூட்டிய ஒரு கதவுக்குள் யார் காவல் இருக்கிறார்களோ, எனக்குத் தெரியாது.

ஆகவே ஐயா அவர்கள் கருணை கூர்ந்து, ‘உப்பரசன் கோட்டை’ தொடரை அழிக்காமல் வைத்திருக்கும்படியும் அதன் முழுப் பிரதியை அனுப்பும்படியும் விளையாட்டுத் தளத்தாருக்குத் தங்கள் அலுவலகத்திலிருந்து இன்றே எழுத வேண்டும். அதற்கு வழியில்லையெனில், தங்கள் முன்னிலையில் என் தம்பியின் போனைத் திறந்து, அவனே தொடரை மீட்டுக் கொடுக்க நீதிமன்ற அனுமதி பெற்றுத் தர வேண்டும். அதில் என் தம்பிக்கு எதிராக ஒரு வரி கிடைத்தாலும் அதன்படியே தண்டியுங்கள். நான் இன்னொரு மனு கொண்டுவர மாட்டேன். திருடனாக விளையாட ஆசைப்பட்ட ஒரு காவல்காரர், தான் எந்தக் கதவுக்குப் பின்னால் மாட்டிக்கொள்ளப் போகிறார் என்பதை எல்லோருக்கும் எழுதிவிட்டுப் போயிருக்கிறார். அதைப் படிக்க ஓர் அதிகாரியாவது இருக்க வேண்டும் என்று மன்றாடுகிறேன்.

இடம்: தங்கள் அலுவலகத்தின் வெளிப் பெஞ்ச்
நாள்: பத்தொன்பதாம் தேதி, புதன்கிழமை

பதில் வரும்வரை எழுந்து போகும் எண்ணமில்லாத,
(ஒப்பம்)
மனுதாரர்

இணைப்பு: (1) என் போனுக்கு வந்த நினைவூட்டலின் நகல். (2) தளத்தாரின் பதில் மெயில். (3) இறந்தவரின் மனைவி என் பக்கத்தில் இதே பெஞ்சில் உட்கார்ந்து, தன் கையால் எழுதிக் கொடுத்தது, கீழே உள்ளது.

ஐயாவுக்கு, எனக்கு மனு எழுதத் தெரியாது. பேசற மாதிரியே எழுதறேன். அந்தக் கதவு பூட்டித்தான் இருக்கும்னு எங்க வீட்டுக்காரர் எங்கிட்டயும் சொல்லிருக்காரு. போன்ல அவரு எழுதினதப் பாத்தப்பறந்தான் எனக்கே அது நெனப்பு வந்துச்சு. ராத்திரில பயமா இருக்குடி, வேற வேல பாத்துக்கறேன்னு சொன்னாரு. நான்தான், பெரியவ படிப்பு முடியட்டும், அதுவரைக்கும் பொறுத்துக்கோங்கன்னு சொன்னேன். இந்தப் பையன் மேல எனக்குக் கோவம் இல்ல. அவரு எழுதினத எடுத்துக் குடுங்க. நான் படிக்கணும்.
(ஒப்பம்)